நத்தோ தின்னாத மித்தோக்காரி

முப்பத்தோரு குளிர்காலம். கோமோத்தோ சுமியே கல்யாணமாகி நிஷிதானிக்கு வந்தபின் கழிந்தவை அவை. அத்தனையிலும், அக்டோபரில் முதல் அரிசி ஆவியில் வேகும் நாளிலிருந்து ஏப்ரலில் கடைசி ஊறலைப் பிழியும் நாள் வரை, அவள் ஒரு வாய் நத்தோ தின்றதில்லை.

வேறு ஊர்க்காரி இதைச் சொன்னால் பெரிய விஷயமில்லை. ஜப்பானின் மேற்குப் பக்கத்தில் பாதிப் பேர் நத்தோவைக் கண்டாலே முகம் சுளிப்பார்கள். அழுகின சோயா, நூல் நூலாக இழுக்கிறது, காலுறை நாற்றம் என்பார்கள். சுமியே பிறந்ததோ கிழக்கே மித்தோவில். நத்தோவுக்கென்றே பெயர் போன ஊர். பள்ளிக்கூடம் போன நாளெல்லாம் சூடான சோற்றின் மேல் அதைக் கலக்கிக் கொட்டித் தின்று வளர்ந்தவள்.

நிஷிதானி சாக்கே ஊர், அரிசியிலிருந்து மது காய்ச்சுகிற ஊர். ஹிரோஷிமாவுக்குக் கிழக்கே, ரயில் நிலையத்தின் பின்னால் ஒரே தெருவில் ஆறு ஆலைகள், ஆறு செங்கல் புகைபோக்கிகள். தண்ணீரும் அரிசியும் ஆளும் இருந்தால் சாக்கே வந்துவிடாது. வெந்த அரிசியின் மேல் ஒரு பூஞ்சையைத் தூவி, சூடான மர அறையில் இரண்டு நாள் பிள்ளையைப் போலப் பார்த்து வளர்க்க வேண்டும். அப்படிப் பூத்த அரிசிதான் கோஜி. அது சரியாக இருந்தால் ஊறல் சரியாக இருக்கும். அந்த அறைக்குள் நத்தோவின் கிருமி புகுந்துவிட்டால் பூஞ்சையை முந்திக்கொண்டு பெருகும். அரிசி முழுவதும் கொழகொழவென்று ஆகிவிடும். கொதிக்கிற தண்ணீருக்கே சாகாத கிருமி. ஆகவே ஆலையில் வேலை செய்பவன், அவன் பெண்டாட்டி பிள்ளைகள், ஆலைக்கு மீன் கொடுக்கிறவள் என்று ஊரில் பாதிப் பேருக்குக் குளிர்காலத்தில் நத்தோ கிடையாது. யாரும் சட்டம் போடவில்லை. பல்பொருள் அங்காடியில்கூட அந்த மாதங்களில் அதைக் கீழ்த்தட்டில், குனிந்தால்தான் தெரிகிற இடத்தில் வைப்பார்கள். அந்தத் தட்டின் முன்னால் குனிந்திருப்பதை யாராவது பார்த்துவிட்டால் மறுநாள் ஊருக்கே தெரியும்.

சுமியே ஒருமுறையும் குனிந்ததில்லை. குனிந்தால் என்ன பேசுவார்கள் என்று அவளுக்குத் தெரியும்.

புருஷன் தெட்சுயா பஸ் ஓட்டினார். அவள் இருபது வருஷத்துக்கு மேல் ஒரு ஆலையில் பாட்டில்களுக்கு லேபிள் ஒட்டினாள். அவள் ஐம்பதைத் தொட்ட வருஷம், வெளியூர்க்காரர்களை ஆலை ஆலையாக நடத்திக் கூட்டிப்போக ஆள் வேண்டும் என்று சாக்கே ஆலைச் சங்கம் கேட்டது. கை தூக்கியவள் அவள் ஒருத்திதான். எட்டு வருஷமாகச் சனிக்கிழமைதோறும் காலை பத்து மணிக்கு நிலையத்தின் வடக்கு வாசலில் மஞ்சள் கொடியோடு நிற்கிறாள். ஆறு ஆலை, ஆறு கிணறு, ஆறு சின்னக் கோப்பை. கூட்டத்தைப் பார்த்தபடி பின்பக்கமாகவே நடப்பாள். மழைநீர்க் கால்வாய் எங்கே, படி எங்கே என்று குதிகாலுக்குத் தெரியும். அதுவரை "கோமோத்தோ வீட்டு மருமகள்", "அந்தக் கிழக்குக்காரி" என்றிருந்தவளை, கொடி பிடித்த பிறகுதான் ஊர் சுமியே-சான் என்று மரியாதையாகப் பெயர் சொல்லிக் கூப்பிட ஆரம்பித்தது. அவள் அந்த நடையை விடாமல் பிடித்திருந்ததற்குக் காரணம் அதுதான். சம்பளம் பஸ் செலவுக்குச் சரியாக இருக்கும்.

ஒரே ஒருவர் மட்டும் மாறவில்லை. கனேதோமி ஆலையின் மேஸ்திரி ஒக்கிமோத்தோ. எழுபத்திரண்டு வயது, குட்டைக் கழுத்து, மதகு திறந்தது போலக் குரல். முப்பத்தோரு வருஷமாக அவருக்கு அவள் "மித்தோ-சான்"தான்.

"மித்தோ-சான், இன்னிக்கி என்ன டிபன்?" என்று கூட்டத்துக்கு முன்னாலேயே கேட்பார்.

"மீன் சூப், மேஸ்திரி. சத்தியமா."

கூட்டம் சிரிக்கும். அவளும் சிரிப்பாள். சிரிக்காமல் இருந்தால் சந்தேகம் வரும் என்று முதல் வருஷமே தெரிந்துகொண்டாள்.

ஜனவரி இரண்டாவது திங்கட்கிழமை மீன்கடைக்குப் போனாள். கடைக்கார நொபுயே சிப்பிகளைத் தராசில் அள்ளிப் போட்டபடி சொன்னாள்: "தெரியுமா சுமியே-சான், கனேதோமியில கோஜி வழுக்கிருச்சாம்."

"எப்போ?"

"காலைல. புது வருசத்து மொத கோஜி. தட்டுத் தட்டா வெளிய கொட்டுறாங்களாம். மேஸ்திரி கையில எடுத்து மோந்து பாத்துட்டு ஒரே வார்த்தைதான் சொன்னாராம்."

எந்த வார்த்தை என்று நொபுயே சொல்லவில்லை. தராசு முள் நிற்கும்வரை அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு நிமிராமலே கேட்டாள்: "உங்க ஊர்ல புது வருசத்துக்கு அதச் சாப்பிடுவாங்க, இல்ல?"

"எத?"

"அதான்."

"நான் ஊருக்கே போகலையே. மூணாந்தேதி உன்கிட்டதான் எறால் வாங்கினேன்."

"அய்யய்யோ, நான் உன்னைச் சொன்னேனா? சும்மா கேட்டேன்." நொபுயே பையை முடிச்சுப் போட்டுக் கொடுத்தாள். வழக்கமாக இரண்டு சிப்பி கூடப் போடுவாள். அன்றைக்குத் தராசு சொன்னதுதான் வந்தது.

மத்தியானம் ஆலை முதலாளி ஹிரோபுமி போன் செய்து வரச் சொன்னார். நாற்பது வயது, தோக்கியோவில் படித்தவர், குரல் உயர்த்தத் தெரியாதவர். டீ கொடுத்தார். "யாரையும் சந்தேகப்படல, சுமியே-சான்" என்று ஆரம்பித்தார். நடுவில் ஒருமுறை சொன்னார். முடிக்கும்போது மறுபடி சொன்னார். ஒரு தடவை சொல்லியிருந்தால் அவள் நம்பியிருப்பாள்.

விஷயம் இதுதான். மாதக் கடைசியில் வசந்தகாலப் போட்டிக்கான சாக்கேவுக்கு அரிசி வேக வைக்கிறார்கள். போன வருஷம் கனேதோமிக்குப் பரிசு கிடைக்கவில்லை. அதற்குள் இன்னொரு கோஜி கெட்டால் இந்த வருஷமும் போச்சு. நடைக்கு வரும் கூட்டம் கோஜி அறையை ஒட்டித்தான் போகிறது. அறையைச் சுவரிலிருக்கும் கண்ணாடி வழியே மட்டும் பார்க்கிறார்கள் என்றாலும், மூச்சு இருக்கிறது, கோட்டு இருக்கிறது, செருப்பு இருக்கிறது. மற்ற ஐந்து முதலாளிகளும் காலையிலிருந்து போனில் விசாரித்துக்கொண்டே இருக்கிறார்கள்.

"திரும்ப நடந்தா அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை சங்கத்துல பேச வேண்டி வரும்."

"என்ன பேசுவீங்க?"

"நடைய நிறுத்தறதப் பத்தி. ஆறு ஆலையிலயும்."

வெளியே வரும்போது மேஸ்திரி முற்றத்தில் நின்றார். கெட்டுப்போன கோஜி நீல வாளிகளில் இருந்தது. சுமியேவுக்கு அந்த வாசனை எட்டியது. பிறந்த ஊர் வாசனை. வாயில் எச்சில் ஊறியது. அதுவே அவளுக்குக் குற்றம் போலிருந்தது. முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மேஸ்திரி அதையும் பார்த்தார்.

"நல்லா மணக்குதா, மித்தோ-சான்?"

இந்த முறை யாரும் சிரிக்கவில்லை.

அன்றிலிருந்து சுமியேவுக்கு எல்லார் மேலும் சந்தேகம். தான் கொண்டுவரவில்லை என்று அவளுக்குத் தெரியும். அப்படியானால் வேறு யாரோ கொண்டுவந்திருக்கிறார்கள். அந்த யாரோவை வெள்ளிக்கிழமைக்குள் பிடித்தாக வேண்டும்.

முதலில் புருஷன். சாயங்காலம் குளிக்கப் போன தெட்சுயா திரும்பி வந்தபோது, கழற்றிப் போட்ட சட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"என்ன பண்ற?"

"தோய்க்கலாம்னு."

"தோய்க்கறதுக்கு மோந்து பாப்பாங்களா? யாரு அவ?"

"எவ?"

"நீ தேடுறவ. சட்டையில பொம்பள வாசன தேடுறதுக்கு எனக்கு அறுபத்திரெண்டு வயசாயிருச்சு. கொஞ்சம் முன்னாடி தேடியிருக்கலாம்."

"நீங்க வெளிய எங்கயாவது நத்தோ சாப்பிட்டீங்களா? உண்மையச் சொல்லுங்க. அந்த ஓட்டுநர் கேன்டீன்ல?"

தெட்சுயா துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு சிரித்தார். "உன்னக் கட்டினப்பவே அத ஒருதடவ வாயில வச்சுப் பாத்தேன், உங்க அப்பாவுக்காக. அன்னிக்கி உங்க வீட்டுக் கக்கூஸ்ல எவ்வளவு நேரம் இருந்தேன்னு நெனவிருக்கா? மறுபடி சாப்பிடறதுக்கு எனக்குப் பைத்தியமா?" பிறகு சிரிப்பை நிறுத்தினார். "ஊர்ல கேக்குறாங்க. என்கிட்டயே கேக்குறாங்க. உங்க வீட்டு ஃப்ரிட்ஜ்ல என்ன இருக்குன்னு."

"யாரு?"

"யாரா இருந்தா என்ன. நான் வந்து பாருங்கன்னேன்."

"யாருங்க?"

அவர் சொல்லவில்லை. அதற்கும் ஒரு ராத்திரி அவர் மேல் கோபமாக இருந்தாள்.

புருஷனைத் தள்ளிவிட்டால் மிச்சம் இருந்தது கூட்டம். கூட்டத்தில் ஒரு முகம் அவள் மனசில் ஏற்கனவே ஒட்டிக்கொண்டிருந்தது. கமேயாமா என்று ஒரு பெரியவர். அறுபத்தைந்து இருக்கும், ஒல்லி, சாம்பல் தொப்பி, முதுகில் சின்னப் பை. இரண்டு ஸ்டேஷன் தள்ளி இருந்து வருபவர். நடைக்கு ஒருமுறை வருவார்கள், பிடித்துப்போனால் இன்னொருமுறை வருவார்கள். இவர் இலையுதிர்காலத்திலிருந்து சனிக்கிழமை தவறுவதில்லை. அதைவிட விசித்திரம், ஒரு சொட்டுக் குடிப்பதில்லை. கோப்பையை வாங்குவார், மூக்கின் கீழ் நெடுநேரம் வைத்திருப்பார், அப்படியே தட்டில் திருப்பி வைத்துவிடுவார். கனேதோமியில் கோஜி அறைக் கண்ணாடிக்கு முன்னால் வந்தால் கடைசி ஆளாக நகர்வார். பையை ஒருபோதும் இறக்கி வைக்க மாட்டார்.

சாக்கே நடைக்குக் குடிக்காத ஆள் எதற்கு வருகிறான்? முதலில் சுற்றுலா அலுவலகம் அனுப்பிய வேவுகாரர் என்று நினைத்திருந்தாள். இப்போது வேறு நினைத்தாள். வேறு ஊர் ஆலை அனுப்பியிருந்தால்? பையில் என்ன?

சனிக்கிழமை ஒன்பது பேர் வந்தார்கள். கமேயாமாவும் வந்தார். வழக்கம்போல் ஆரம்பத்திலேயே கேட்டாள்: "இன்னிக்குக் காலைல, இல்ல நேத்து ராத்திரி, நத்தோ சாப்பிட்டவங்க யாராவது இருக்கீங்களா? வெக்கப்பட வேண்டாம்."

ஒசாகாவிலிருந்து வந்த ஒரு புதுத் தம்பதி ஒருவரையொருவர் பார்த்தார்கள். "முந்தாநாள் கணக்குல வருமா?" என்றான் பையன். பெண் அவன் இடுப்பில் இடித்தாள். எல்லாரும் சிரித்தார்கள். சுமியே சிரிக்கவில்லை, அவன் கைகளைப் பார்த்தாள்.

முதல் மூன்று ஆலைகளில் அவள் வாய் பேசியது, கண் வேறு வேலை பார்த்தது. யார் எங்கே தொடுகிறார்கள், யார் கதவுப் பிடியைப் பிடிக்கிறார்கள். மென்னீர், அரிசியைத் தீட்டுவது, புகைபோக்கி எப்போது கட்டினது, எல்லாம் தானாக வந்தது. ஒரு அம்மாள் இருமினால் திரும்பிப் பார்த்தாள். பின்பக்கமாக நடக்கிறவள் அன்று முதன்முறையாகக் கால்வாய் விளிம்பில் தடுக்கினாள்.

கனேதோமி வாசலுக்கு வந்ததும் நின்றாள். உள்ளே போகக்கூடாது என்று யாரும் சொல்லவில்லை. அவளே முடிவெடுத்திருந்தாள். "இன்னிக்கு உள்ள வேல நடக்குது. கிணறு மட்டும் பாக்கலாம்" என்றாள். கூட்டம் கிணற்றுக் குழாயில் பாட்டில் நிரப்பியது. கமேயாமா மட்டும் வாசல் பக்கம் ஒதுங்கி நின்று, ஆவி வரும் திசையில் முகத்தைக் காட்டிக்கொண்டிருந்தார். கை பையின் வாரைப் பிடித்திருந்தது.

சுமியேவுக்குப் பொறுக்கவில்லை.

"கமேயாமா-சான். அந்தப் பையில என்ன இருக்கு?"

"பையிலயா?"

"நீங்க குடிக்கிறதில்ல. வாராவாரம் வர்றீங்க. கோஜி அறைய விட்டு நகர மாட்டேங்கிறீங்க. பைய எறக்க மாட்டேங்கிறீங்க. இங்க ஒரு கோஜி கெட்டுப்போச்சு, அது உங்களுக்குத் தெரியுமா?"

யாரோ குழாயை மூடினார்கள்.

கமேயாமா பையை இறக்கினார். ஜிப்பைத் திறந்து ஒவ்வொன்றாகக் கிணற்று மேடையில் வைத்தார். சுடுநீர்க் குடுவை. ஒரு துண்டு. இலையில் சுற்றிய சோற்றுருண்டை ஒன்று. ஒரு மருந்து டப்பா.

"போன கோடையில இதயத்துல வால்வு வச்சாங்க" என்றார். "ரத்தம் கட்டாம இருக்க இந்த மாத்திர. இது சாப்பிடறவன் நத்தோவத் தொடவே கூடாதுங்க. மாத்திரையே வேல செய்யாது. டாக்டர் கையெழுத்துப் போட வச்சாரு. குடிக்கவும் கூடாதுன்னுட்டாரு. நாப்பது வருசம் ராத்திரி ஒரு குடுவை சூடா குடிச்சவன் நான். இப்ப வாசன மட்டும்தான். வாசனைக்கு ஒண்ணும் ஆகாதுன்னாரு."

சுமியே கையிலிருந்த கொடியை இறக்கினாள்.

அவர் ஒவ்வொன்றாகத் திருப்பிப் பைக்குள் வைத்தார். சோற்றுருண்டையைக் கவனமாக வைத்தார். பிறகு தொப்பியைத் தொட்டு எல்லாருக்கும் தலை வணங்கிவிட்டு, மிச்சம் இரண்டு ஆலையைப் பார்க்காமலே நிலையத்துப் பக்கம் நடந்துபோனார். ஒசாகாப் பெண் புருஷனிடம் தாழ்ந்த குரலில் என்னவோ சொன்னாள். சுமியே கொடியைத் தூக்கினாள்.

நடை முடிந்ததும் ஒரு வேலை பாக்கி இருந்தது. கனேதோமிக்குள் விருந்தாளிகள் போட்டுக்கொள்ளும் வெள்ளை மேலங்கிகளை அவள்தான் வீட்டில் தோய்த்துக் கொண்டுவருவாள். போன வாரம் போட்டவற்றை அன்று இரண்டு முறை தோய்த்து, சூட்டில் உலர்த்தி, பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கொண்டுபோய்க் கனேதோமியின் உள்வழியில் அலமாரியில் வைத்துவிட்டு வந்தாள். உள்ளே கால்மணி நேரம்கூட இருக்கவில்லை.

திங்கட்கிழமை இரண்டாவது கோஜியும் வழுக்கியது.

இந்த முறை நொபுயே அல்ல, மேஸ்திரியே போன் செய்தார். "வா" என்றார், வைத்துவிட்டார்.

போகிற வழியில் சுமியேவுக்கு ஒரே ஒரு சந்தோஷம் இருந்தது: கூட்டம் உள்ளே போகவில்லை. ஆகவே கூட்டத்தைக் குற்றம் சொல்ல முடியாது. ஆலை வாசலை மிதிக்கும்போதுதான் அதன் மறுபக்கம் உறைத்தது. மேஸ்திரி அதைத்தான் முதலில் சொன்னார்.

"கூட்டம் வரல. நீ வந்த."

"துணி வைக்க வந்தேன், மேஸ்திரி. தோய்ச்ச துணி."

"உன் வீட்டுல தோய்ச்ச துணி."

"என் வீட்டுல அது கிடையாது. முப்பத்தோரு வருசமா கிடையாது."

"முப்பத்தோரு வருசமா நான் உன் வீட்டுக்குள்ள வந்து பாத்ததில்லையே." அவர் கண் சிவந்திருந்தது; இரண்டு ராத்திரி தூங்கவில்லை என்று தெரிந்தது. "இன்னும் பத்து நாள்ல போட்டி அரிசி வேகணும். முதலாளி ஏற்கனவே பரிசோதனைக் கூடத்துல படிச்ச ஒரு பயல இங்க கொண்டுவரலாமான்னு பாக்குறாரு. இந்த வருசம்தான் எனக்குக் கடைசி. அது உனக்குத் தெரியும். எல்லாருக்கும் தெரியும். வா. உங்க ஊர் கைவண்ணத்த நீயே வந்து பாரு."

செருப்பு மாற்றினார்கள். கையைக் கழுவி, சாராயம் தெளித்துத் துடைத்தார்கள். அவர் முன்னால் போனார். கண்ணாடி வழியே ஆயிரம் பேருக்குக் காட்டிய அந்த அறைக்குள் அவள் கால் வைப்பது எட்டு வருஷத்தில் அதுவே முதல்முறை. எல்லாம் கெட்டுவிட்ட பிறகு யார் நுழைந்தால் என்ன.

உள்ளே புழுக்கம். தேவதாருப் பலகைச் சுவர்கள் வியர்த்திருந்தன. நீளமான மேடையில் அரிசி பரப்பிக் கிடந்தது. வெள்ளைப் பூவாகச் சிலிர்த்து நிற்க வேண்டியது பளபளவென்று ஈரமாகக் கிடந்தது. மேஸ்திரி ஒரு விரலால் தொட்டுத் தூக்கினார். மெல்லிய நூல் இழுத்தது.

"பாத்தியா?"

அவள் அரிசியைப் பார்க்கவில்லை. வாசல் நிலைக்கு மேலே, உட்பக்கம், ஒரு கயிறு தொங்கியது. கை மொத்தத்துக்கு முறுக்கிய வைக்கோல்பிரி. பழுப்பேறாத, இன்னும் பச்சை வாடை போகாத புது வைக்கோல். இடையிடையே வெள்ளைக் காகிதம் மடித்துச் செருகியிருந்தது. சாமிக்குக் கட்டுகிற கயிறு. கண்ணாடி இருந்த அதே சுவரில் மேலே இருந்ததால் வெளியிலிருந்து பார்ப்பவர் கண்ணுக்கு ஒருநாளும் படாது. அதன் நுனிகள் மேடையின் ஓரத்துக்கு நேர் மேலே இருந்தன. கதவு ஒவ்வொரு முறை இழுபடும்போதும் ஆடும்.

"மேஸ்திரி. அது எப்ப கட்டினது?"

"எது?"

"கயிறு."

"புது வருசத்துக்கு. நாலாந்தேதி, வேல ஆரம்பிச்சப்ப." குரலில் ஒரு பெருமை எட்டிப் பார்த்தது. "கோவில்ல வாங்கினதில்ல. நானே திரிச்சேன். நம்ம போட்டி அரிசி வெளஞ்ச வயல்ல இருந்து நானே எடுத்துட்டு வந்தது. வருசா வருசம் இங்க சணல்ல ஒரு பொடிக்கயிறுதான் கட்டுவோம். போன வருசம் பரிசு போச்சில்ல. சாமிக்கு நாம சரியாச் செய்யலன்னு தோணுச்சு."

சுமியே மேடையைப் பார்த்தாள், கயிற்றைப் பார்த்தாள். அவள் பிறந்த வீட்டுக்கு அடுத்த கொட்டகையில் நத்தோவுக்காக அவித்த சோயாவை எதில் வைத்துக் கட்டினார்கள் என்பது கண்முன் வந்தது. வேறு எதுவும் சேர்க்க மாட்டார்கள். சூடு, ஈரம், வைக்கோல். கிருமி வைக்கோலிலேயே இருக்கும்.

இது இந்த ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். வைக்கோல் செருப்புப் போட்டுக்கொண்டு ஆலைக்குள் யாரும் வரமாட்டார்கள். மேஸ்திரியே வைக்கோல் தொப்பியோடு வந்த ஒரு ஆளை வாசலிலேயே திருப்பி அனுப்பியிருக்கிறார். ஆனால் அங்கே தொங்கியதை அவர் வைக்கோல் என்று நினைக்கவே இல்லை. யாருமே நினைக்கவில்லை. அது சாமி. தினமும் அதற்குக் கைதட்டிக் கும்பிட்டுவிட்டுத்தான் அரிசியைக் கிளறினார்கள்.

"மேஸ்திரி" என்றாள் மெதுவாக. "அது வைக்கோல்தானே?"

அவர் பதில் சொல்ல வாயெடுத்தார். நிறுத்தினார். தலை மெல்ல மேலே திரும்பியது. வெகுநேரம் அவர் அந்தக் கயிற்றையே பார்த்தார். பிறகு மூலையில் இருந்த முக்காலியை இழுத்துக் கதவடியில் போட்டார்.

சுமியேவின் மனசு கணக்குப் போட்டது. இப்போது அவர் ஏறுவார். அவிழ்ப்பார். அடுப்பில் போடுவார். மூன்றாவது கோஜி நன்றாக வரும். வெள்ளிக்கிழமை சங்கத்தில் என்ன சொல்வார்கள்? மித்தோக்காரி உள்ளே வரவில்லை, கோஜி பிழைத்தது. அவ்வளவுதான். அதற்குப் பிறகு எத்தனை வருஷம் இருந்தாலும் அது போகாது.

"தொடாதீங்க" என்றாள்.

"என்ன?"

"முதலாளி வந்து பாக்கட்டும். அப்புறம் அவுருங்க."

மேஸ்திரி முக்காலியில் ஒரு காலை வைத்தபடி திரும்பினார். "நான் ஒளிச்சிருவேன்னு நெனக்கிறியா?"

"ஆமா."

"முப்பத்தோரு வருசப் பழக்கம். என்னையப் போய்."

"அதே முப்பத்தோரு வருசம்தான் மேஸ்திரி. என்னையப் போய் நீங்க நெனச்சீங்கல்ல."

அறைக்குள் வியர்வை ஒழுகியது. பிறகு சுமியே கதவைத் திறந்து, கையை நிலையில் ஊன்றி வழியை மறித்து நின்றபடி, அந்த ஆலையில் அதுவரை யாரும் கேட்காத குரலில் கத்தினாள்: "முதலாளி! ஹிரோபுமி-சான்! கோஜி அறைக்கு வாங்க! உடனே!"

ஹிரோபுமி போனைக் கையில் பிடித்தபடியே ஓடிவந்தார். மேஸ்திரி முக்காலியிலிருந்து காலை எடுத்தார். சுமியே மேலே கையைக் காட்டினாள். சொன்னது மேஸ்திரிதான்.

"வைக்கோல், முதலாளி" என்றார். "நான் கட்டினது."

கயிற்றின் ஒரு துண்டும் கெட்ட அரிசியும் பரிசோதனைக் கூடத்துக்குப் போயின. இரண்டிலும் அதே கிருமி என்று பதில் வந்தது. கயிற்றிலிருந்துதான் அரிசிக்குப் போனது என்று அடித்துச் சொல்ல முடியாது என்றும், ஆனால் வேறிடம் தேடத் தேவையில்லை என்றும் போனில் சொன்னார்களாம். ஆலை அறையைக் காலி செய்தது. பலகைகளைக் கழற்றித் தேய்த்து, கிருமிநாசினி ஊற்றிக் கழுவி, வெயிலில் வைத்தார்கள். கயிற்றை மேஸ்திரி கோவிலுக்குக் கொண்டுபோய் முறைப்படி எரிக்கக் கொடுத்தார். மூன்றாவது கோஜி வெள்ளையாகப் பூத்தது.

சங்கக் கூட்டத்தில் கயிற்றைப் பற்றி யாரும் பேசவில்லை. பேசினால் ஒக்கிமோத்தோ மேஸ்திரிக்குத் தலைகுனிவு. "கனேதோமி விவகாரம் தீர்ந்தது, நடை தொடரலாம்" என்று தலைவர் சொன்னார்; ஐந்து பேர் தலையாட்டினார்கள். ஆகவே ஊரில் பாதிப் பேருக்கு என்ன நடந்தது என்று இன்றுவரை தெரியாது. மீதிப் பேருக்கு நொபுயே சொன்னாள். அடுத்த முறை சிப்பி வாங்கப் போனபோது பையில் ஐந்து கூட இருந்தன. சுமியே எண்ணிப் பார்த்து, கூடுதலான ஐந்தையும் தராசிலேயே திருப்பி வைத்தாள்.

"என்ன சுமியே-சான், கோவமா?"

"கோவமெல்லாம் இல்ல. எடை சரியா இருக்கட்டும்."

மேஸ்திரி மன்னிப்புக் கேட்கவில்லை. ஒருநாள் தெருவில் எதிரே வந்தவர் நின்றார். தொண்டையைச் செருமினார். "மித்தோ-சான்" என்றார். "குளிரு இன்னும் இருக்கு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

கமேயாமாவின் வீட்டுக்குச் சுமியே ஒரு செவ்வாய்க்கிழமை போனாள். மேப்பிள் இலை வடிவக் கேக் பெட்டி ஒன்றை நல்ல துணியில் சுற்றிக் கொண்டுபோனாள். வாசலில் முட்டி போட்டு, நெற்றி தரையைத் தொட வணங்கினாள். என் மேல் சந்தேகப்பட்டார்கள், நான் உங்கள் மேல் சந்தேகப்பட்டேன், எனக்கு வேறு வழி தெரியவில்லை என்றாள். அவர் பதறி எழுப்பினார். டீ கொடுத்தார். கேக்கைப் பிரித்து அவளுக்கே ஒன்று வைத்தார். பெண்சாதி போட்டோவுக்கு முன்னால் ஒன்று வைத்தார்.

"பரவாயில்லீங்க" என்றார். "கேட்டது தப்பில்ல. எனக்கும் ஒரு வயசுல இப்படி ஆத்திரம் இருந்துச்சு."

"சனிக்கிழமை வாங்க. கனேதோமியில ஆவி வர்ற நேரமாப் பாத்து நிறுத்தறேன். எவ்வளவு நேரம் வேணும்னாலும் நில்லுங்க."

"பாக்கலாம்" என்றார் கமேயாமா.

நிஷிதானியில் "பாக்கலாம்" என்றால் என்ன என்று அவளுக்கு முப்பத்தோரு வருஷமாகத் தெரியும். இருந்தாலும் சனிக்கிழமை பத்து மணி தாண்டி இன்னும் கொஞ்ச நேரம் கொடியைத் தூக்காமல் வடக்கு வாசலில் நின்றாள். ஒரு ரயில் வந்தது. இன்னொன்று வந்தது. கூட்டத்தில் ஒருவர் கடிகாரத்தைப் பார்த்தார்.

போட்டிச் சாக்கே முடியும்வரை கனேதோமிக்குள் வெளியாட்களுக்கு அனுமதி இல்லை என்று மேஸ்திரி சொல்லிவிட்டார். ஏப்ரல் வரை சனிக்கிழமை நடை ஐந்து ஆலைகளுக்குத்தான் போகும். ஞாயிற்றுக்கிழமை நடை ஒன்றும் பிப்ரவரியில் தொடங்குகிறது. அதை நடத்தப்போவது கல்லூரியில் படிக்கும் வேறொரு பெண். அதற்கு முதல் ஆளாகப் பெயர் கொடுத்திருப்பவர் கமேயாமா.